தூக்குக் கயிறு எங்கே திரிக்கப்பட்டது? டி.வி நாடகமான கேஸ்மென்ட் வழக்கு

1960. பிரிட்டனில் கறுப்பு-வெள்ளை டி.வி பெட்டி நடுக்கூடத்துக்கு வந்துவிட்ட காலம். மான்செஸ்டரைத் தலைமையிடமாகக் கொண்ட கிரானடா நிறுவனம் அந்த ஆண்டு 'ஆன் ட்ரையல்' என்றொரு நாடகத் தொடரைத் தயாரித்தது. ஒவ்வொரு பகுதியிலும் ஒரு பழைய, பிரபலமான வழக்கு. அவற்றில் ஒன்று, ஐரிஷ் கிளர்ச்சியாளர் சர் ரோஜர் கேஸ்மென்ட் மீதான தேசத்துரோக வழக்கு.

கேஸ்மென்ட் தூக்கிலிடப்பட்டு அப்போது 44 ஆண்டுகள் ஆகியிருந்தன. ஆனாலும் வழக்கு ஆறிப்போகவில்லை. அவர் உடல் இன்னும் லண்டன் சிறை வளாகத்து மண்ணுக்குள்தான் கிடந்தது. 'எங்களிடம் கொடுங்கள்' என்று அயர்லாந்து கேட்டுக்கொண்டே இருந்தது. பிரிட்டன் அரசு அசைந்துகொடுக்கவில்லை.

கேஸ்மென்டாக நடித்தவர் பீட்டர் விங்கார்ட். பத்து ஆண்டுகள் கழித்து 'ஜேசன் கிங்' என்ற துப்பறியும் பாத்திரத்தால் உலகம் முழுக்கத் தெரிந்த முகம். தொடரின் தயாரிப்பாளர் பீட்டர் வைல்ட்பிளட். இந்தப் பெயரைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். குற்றவாளிக் கூண்டில் நிற்பது எப்படி இருக்கும் என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. ஏன் என்பது பின்னால் வரும்.

நீதிமன்ற நாடகத்தில் ஒரு வசதி உண்டு. வசனம் ஏற்கெனவே தயார். கேஸ்மென்ட் வழக்கில் யார் என்ன பேசினார்கள் என்பதெல்லாம் பதிவாகி, 1917-லேயே புத்தகமாக வந்துவிட்டது. ஆனால், அதே வசதிதான் சிக்கலும். இந்த வழக்கில் கேஸ்மென்டின் முடிவைத் தீர்மானித்த சில விஷயங்கள் நீதிமன்றத்தில் பேசப்படவே இல்லை!

'சர்' பட்டம் வாங்கிய கலகக்காரர்

ரோஜர் கேஸ்மென்ட் 1864 செப்டம்பர் 1-ம் தேதி டப்ளினை ஒட்டிய சாண்டிகோவ் என்ற கடலோர ஊரில் பிறந்தவர். அப்பா புராட்டஸ்டன்ட், அம்மா கத்தோலிக்கர். சின்ன வயதிலேயே இருவரையும் இழந்து, வடக்கே ஆன்ட்ரிம் பகுதியில் உறவினர்கள் தயவில் வளர்ந்தார். இருபது வயதை ஒட்டி ஆப்பிரிக்காவின் காங்கோவுக்கு வேலைக்குப் போனார். பின்னர் பிரிட்டிஷ் அரசின் தூதரக அதிகாரி ஆனார்.

காங்கோ அப்போது பெல்ஜியம் மன்னர் லியோபோல்டின் சொந்தச் சொத்து மாதிரி. ரப்பர் பால் எடுத்துத் தரச் சொல்லி ஊர் ஊராக மக்களை அடித்து வேலை வாங்கினார்கள். மக்களின் கைகளை வெட்டும் கொடுமையும் நடந்தது. 1903-ல் ஆற்று வழியாக உள்ளே பயணம் போய், பாதிக்கப்பட்டவர்களிடமே வாக்குமூலம் வாங்கி, அறிக்கை எழுதினார் கேஸ்மென்ட். 1904-ல் அது வெளியானதும் ஐரோப்பா அதிர்ந்தது. நான்கே ஆண்டுகளில், 1908-ல், காங்கோ லியோபோல்டின் கையைவிட்டுப் போனது.

அடுத்து தென் அமெரிக்கா. பெரு நாட்டுக் காடுகளில் புட்டுமாயோ ஆற்றங்கரையில், லண்டனில் பதிவான ஒரு ரப்பர் கம்பெனி பழங்குடி மக்களைச் சவுக்கால் அடித்தும் பட்டினி போட்டும் கொன்றுகொண்டிருந்தது. 1910-ல் அங்கும் போய் விசாரித்தார். அந்தப் பணிக்காக 1911-ல் பிரிட்டிஷ் அரசு அவருக்கு 'சர்' பட்டம் கொடுத்தது.

காங்கோவில் அந்நிய ஆட்சியின் முகத்தைக் கிட்டத்தில் பார்த்தவருக்கு, சொந்த ஊரின் கதை வேறு மாதிரி தெரியத் தொடங்கியது. அயர்லாந்தும் அந்நிய ஆட்சியில் இருக்கும் நாடுதானே? உடல்நலம் கெட்டு, 1913-ல் அரசுப் பணியில் இருந்து ஓய்வு பெற்றார். அதே ஆண்டு தொடங்கிய 'ஐரிஷ் தொண்டர் படை'யில் சேர்ந்தார்.

நீர்மூழ்கியில் வந்த மனிதர்

அயர்லாந்துக்கு உள்நாட்டுத் தன்னாட்சி கொடுப்பதா, வேண்டாமா என்பது அன்றைய பெரிய சண்டை. 'கொடுக்கவே கூடாது' என்று வடக்கே அல்ஸ்டர் பகுதியில் ஒரு தனிப்படையே திரண்டது. 1914 ஏப்ரலில் அவர்கள் ஜெர்மனியில் இருந்து சுமார் 25,000 துப்பாக்கிகளைக் கடத்தி வந்தார்கள். யார் மேலும் வழக்கு இல்லை. அதைப் பார்த்து ஐரிஷ் தொண்டர்களும் ஜூலையில் ஆயுதம் இறக்கினார்கள். அந்த ஏற்பாட்டில் கேஸ்மென்டுக்கும் பங்கு உண்டு.

ஆகஸ்டில் முதல் உலகப் போர் மூண்டது. 'பிரிட்டனின் எதிரி நமக்கு நண்பன்' என்ற கணக்கில் அப்போது அமெரிக்காவில் இருந்த கேஸ்மென்ட், அங்கிருந்து ஜெர்மனி போனார். ஜெர்மனியிடம் சிறைப்பட்டிருந்த ஐரிஷ் சிப்பாய்களை லிம்பர்க் முகாமில் சந்தித்து, 'அயர்லாந்து விடுதலைக்காகப் போராட வாருங்கள்' என்று பேசினார். ஆயிரக்கணக்கானோர் இருந்த முகாமில் சேர்ந்தவர்கள் அறுபது பேர்கூட இல்லை. ஜெர்மனி பெரும் படை அனுப்பும் என்ற நம்பிக்கையும் கரைந்தது. கிடைத்தது 20,000 பழைய துப்பாக்கிகள் ஏற்றிய ஒரு கப்பல் மட்டும்.

'இதை நம்பி எழுச்சி செய்தால் பிள்ளைகள் வீணாகச் சாவார்கள். தள்ளிப்போடச் சொல்ல வேண்டும்' என்ற தவிப்போடு நீர்மூழ்கிக் கப்பலில் கிளம்பினார். 1916 ஏப்ரல் 21, புனித வெள்ளி விடியலில், கெர்ரி மாவட்டத்தின் பானா கடற்கரையில் இரண்டு தோழர்களோடு சின்னப் படகில் கரையேறினார். படகு அலையில் கவிழ்ந்தது. நனைந்து, உடல் நடுங்கி, பக்கத்தில் இருந்த ஒரு பழங்காலக் கோட்டை மேட்டில் ஒதுங்கியவரைச் சில மணி நேரத்தில் போலீஸ் பிடித்துவிட்டது. ஆயுதக் கப்பலும் பிரிட்டிஷ் கடற்படையிடம் சிக்கியது. அதன் கேப்டனே அதை மூழ்கடித்தார்.

மூன்று நாள் கழித்து, ஈஸ்டர் திங்களன்று, டப்ளினில் எழுச்சி வெடித்தது. கேஸ்மென்ட் அப்போது லண்டனில் கைதி.

ஏன் அவருக்கு மட்டும் வழக்கு?

ஈஸ்டர் எழுச்சியின் தலைவர்களுக்கு வக்கீல் வைத்துப் பேசும் வழக்கெல்லாம் நடக்கவில்லை. ராணுவ நீதிமன்றம், மூடிய கதவு, சில நிமிட விசாரணை. பேட்ரிக் பியர்ஸுக்கு மே 2-ம் தேதி விசாரணை, மறுநாள் விடியலில் துப்பாக்கிச் சூடு. மே 12-க்குள் 15 பேரை இப்படிச் சுட்டுக்கொன்றார்கள். எழுச்சியை ஆரம்பத்தில் திட்டிய ஐரிஷ் மக்களே, தினமும் வந்த சாவுச் செய்தியில் மனம் மாறினார்கள். அமெரிக்காவிலும் கோபம் கிளம்பியது.

எனவே, உலகம் அறிந்த கேஸ்மென்டை அப்படி ரகசியமாகச் சுட முடியாது. 'நியாயமான, வெளிப்படையான விசாரணை' என்று காட்ட வேண்டியிருந்தது. அந்த முடிவு அவருக்கு ஒரு மேடையையும் சேர்த்தே கொடுத்தது.

1916 ஜூன் 26-ம் தேதி லண்டன் உயர் நீதிமன்றத்தில் விசாரணை தொடங்கியது. நான்கு நாள். அந்த அறையில் இருந்த முகங்களைப் பார்த்தால், எந்த நாடக ஆசிரியரும் இப்படிப் பாத்திரங்களைப் படைக்கத் தயங்குவார்.

தலைமை நீதிபதி, ரீடிங் பிரபு. ஐந்து ஆண்டுகள் கழித்து, 1921-ல், இதே ரீடிங் பிரபுதான் இந்தியாவுக்கு வைஸ்ராயாக வந்தார். 1922-ல் காந்தி ராஜத்துரோக வழக்கில் ஆறு ஆண்டு தண்டனை பெற்றது இவர் ஆட்சியில்தான்.

அரசுத் தரப்பு வக்கீல், அட்டர்னி ஜெனரல் எஃப்.இ.ஸ்மித். பின்னாளில் பர்க்கன்ஹெட் பிரபு. 1927-ல் ஓர் இந்தியர்கூட இல்லாமல் சைமன் கமிஷன் அமைக்கப்பட்டபோது, லண்டனில் இந்திய விவகார அமைச்சராக இருந்தவர்.

ஸ்மித்துக்கு இன்னொரு பின்கதை உண்டு. துப்பாக்கி கடத்திய அல்ஸ்டர் தனிப்படையை மேடையேறி ஆதரித்தவர்களில் அவரும் ஒருவர். நாடாளுமன்றம் சட்டமே போட்டாலும் ஆயுதம் ஏந்தி எதிர்ப்போம் என்ற அணியில் நின்றவர், இப்போது ஆயுதம் ஏந்தியதற்காக இன்னொருவருக்குத் தூக்கு கேட்டு நின்றார்.

கேஸ்மென்டுக்காக வாதாட லண்டனின் பெரிய வக்கீல்கள் முன்வரவில்லை. சொலிசிட்டராக வந்தவர் ஜார்ஜ் கேவன் டஃபி. இந்த வழக்கை எடுத்ததற்காகவே லண்டனில் தன் கூட்டு நிறுவனத்தில் இருந்து அவர் வெளியேற வேண்டிவந்தது. நீதிமன்றத்தில் வாதாட டப்ளினில் இருந்து சல்லிவன் என்ற வக்கீலை அழைத்து வந்தார்கள்.

அந்தக் காற்புள்ளி

கேஸ்மென்ட் செய்ததை யாரும் மறுக்கவில்லை. லிம்பர்க் முகாமில் அவர் பேச்சைக் கேட்ட சிப்பாய்களே சாட்சி சொன்னார்கள். ஆகவே, சல்லிவன் பிடித்துக்கொண்டது சட்டத்தின் சொற்களை. குற்றம் சாட்டப்பட்டது 1351-ம் ஆண்டு, மூன்றாம் எட்வர்ட் காலத்தில் எழுதிய சட்டத்தின் கீழ். 565 ஆண்டு பழசு. மொழியோ அன்றைய அரசவையின் பிரெஞ்சு.

மன்னரின் எதிரிகளோடு 'மன்னரின் நாட்டுக்குள்' சேர்ந்துகொள்வது துரோகம் என்கிறது அந்தச் சட்டம். தொடர்ந்து, அவர்களுக்கு 'நாட்டுக்குள் அல்லது வேறெங்கும்' உதவுவது பற்றிப் பேசுகிறது. இந்த 'வேறெங்கும்' எதோடு சேரும்? கடைசியில் வரும் உதவிக்கு மட்டுமா, அல்லது வாக்கியம் முழுமைக்குமா? உதவிக்கு மட்டும்தான் என்றால், நாட்டுக்குள் இருந்தபடி எதிரியோடு சேர்ந்தவர் மட்டுமே துரோகி. கேஸ்மென்ட் எல்லாம் செய்தது ஜெர்மனியில். அப்படியானால் இந்தச் சட்டம் அவரைத் தொடாது. வாக்கியம் முழுமைக்கும் என்றால் தொடும்.

எல்லாம், 'வேறெங்கும்' என்ற சொல்லுக்கு முன்னால் ஒரு நிறுத்தம் இருக்கிறதா, இல்லையா என்பதில் வந்து நின்றது. ஆவணக் காப்பகத்தில் இருந்த பழைய தோல் சுருளையே நீதிபதிகள் போய்ப் பார்த்தார்கள். முடிவு, கேஸ்மென்டுக்கு எதிராக. 'ஒரு காற்புள்ளியில் தொங்கவிடப்பட்டவர்' என்று அவரைப் பற்றி இன்றும் சொல்வது இதனால்தான்.

இந்த வாதமே வேண்டாம் என்று முதலிலேயே சொன்ன ஒருவர் உண்டு. நாடக ஆசிரியர் ஜார்ஜ் பெர்னார்ட் ஷா! 'நடந்ததை எல்லாம் ஒப்புக்கொள்ளுங்கள். நான் ஐரிஷ்காரன், என் நாட்டுக்காகப் போராடினேன், நான் துரோகி அல்ல, போர்க்கைதி என்று ஜூரியிடம் நேராகச் சொல்லுங்கள்' என்பது அவர் யோசனை. அதற்கான உரையையும் எழுதிக்கொடுத்தார். கேஸ்மென்டுக்குக் கருத்து பிடித்திருந்தாலும் வழக்கு சட்ட வாதத்தின் வழியிலேயே போனது.

அந்த வழியும் பாதியில் தடுமாறியது. மூன்றாம் நாள், ஜூரி முன் நிறைவுரை ஆற்றிக்கொண்டிருந்த சல்லிவன் நடுவிலேயே நிலைகுலைந்து, தொடர முடியாமல் உட்கார்ந்துவிட்டார். மறுநாள் அவருடைய இளைய சகா ஆர்ட்டிமஸ் ஜோன்ஸ்தான் வாதத்தை முடித்துவைத்தார்.

தீர்ப்புக்குப் பிறகு வந்த பேச்சு

ஜூன் 29. ஜூரி ஒரு மணி நேரத்துக்குள் திரும்பி வந்தது. குற்றவாளி.

தண்டனைக்கு முன் ஏதாவது சொல்ல இருக்கிறதா என்று கேட்டபோதுதான் கேஸ்மென்ட் தன் தாள்களை எடுத்தார். அவர் எழுதிவைத்திருந்த உரை காற்புள்ளியைப் பற்றியதே அல்ல. 'நான் பேசுவது இந்த நீதிமன்றத்திடம் அல்ல, என் நாட்டு மக்களிடம்' என்பது அதன் தொடக்கத்திலேயே வந்த பொருள். என்னை விசாரிக்க வேண்டியவர்கள் ஐரிஷ் மக்கள், அயர்லாந்தில், ஐரிஷ் ஜூரி. அந்நிய நாட்டு ஜூரிக்கு என் விசுவாசத்தை எடைபோடும் உரிமை ஏது என்று கேட்டார்.

அல்ஸ்டர் கதையையும் விடவில்லை. ஆயுதத்தை முதலில் கொண்டுவந்தவர்கள் யார் என்று நினைவுபடுத்தினார். அவர்களும் நானும் சட்டத்தை மீறியவர்கள்தான். அவர்கள் போன பாதை உயர் பதவிக்குப் போகும், நான் போன பாதை இந்தக் கூண்டுக்கு வரும் என்று தெரிந்தே போனேன் என்ற பொருளில் சொன்னார். ஸ்மித் பெயரைச் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. மூன்று ஆண்டுகளில், 1919-ல், ஸ்மித் நாட்டின் மிக உயர்ந்த சட்டப் பதவியான லார்டு சான்சலர் ஆசனத்தில் உட்கார்ந்தார்.

அந்த உரை கடல் கடந்து போனது. அப்போது இருபதுகளில் இருந்த ஜவாஹர்லால் நேரு, அதைப் படித்து நெகிழ்ந்ததைப் பின்னர் எழுதியிருக்கிறார். அடிமை நாட்டில் பிறந்தவருக்கு அந்தக் கேள்வியின் சூடு புரிந்தது.

மூன்று நீதிபதிகளும் கறுப்புத் துணியைத் தலையில் வைத்துக்கொண்டார்கள். தூக்கு என்றார்கள்.

நீதிமன்றத்தில் பேசப்படாதது

இதுவரை நடந்தது எல்லாம் பதிவில் உண்டு. டி.வி கேமரா முன் அப்படியே நடித்துக்காட்டலாம். ஆனால், அதே நாள்களில் லண்டனில் இன்னொரு விசாரணையும் சத்தமில்லாமல் நடந்துகொண்டிருந்தது.

கேஸ்மென்டின் லண்டன் அறையில் இருந்து எடுத்ததாகச் சில நாட்குறிப்புகள் போலீஸிடம் இருந்தன. அவர் ஆண்களோடு கொண்ட உறவுகள் அதில் குறிக்கப்பட்டிருந்தன. அந்தக் காலத்துச் சட்டத்தில் அது குற்றம். சமூகத்தின் கண்ணிலோ அதைவிடப் பெரிய களங்கம். வழக்குக்கும் நாட்குறிப்புக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. துரோகம் செய்தாரா என்பதற்கு அதில் ஆதாரம் எதுவும் இல்லை. எனவே, நீதிமன்றத்தில் அதை யாரும் தாக்கல் செய்யவில்லை.

ஆனால், விசாரணைக்கு முன்பே அரசுத் தரப்பு அதன் நகலை எதிர்த்தரப்புக்கு அனுப்பியது. 'மனநிலை சரியில்லாதவர்' என்று வாதாடினால் தூக்கில் இருந்து தப்பலாம் என்பது அதன் உட்பொருள். சல்லிவன் அதைத் தொட்டுப் பார்க்கவே மறுத்துவிட்டார்.

தீர்ப்புக்குப் பிறகுதான் அந்தத் தாள்கள் தங்கள் வேலையைக் காட்டின. கருணை காட்டச் சொல்லிக் கோரிக்கைகள் குவிந்தன. ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த ஆர்தர் கானன் டாயல் ஒரு மனுவுக்குக் கையெழுத்து திரட்டினார். கவிஞர் யேட்ஸ் அரசுக்கு எழுதினார். காங்கோவில் எத்தனையோ பேரைக் காப்பாற்றிய மனிதர் என்று பலரும் எடுத்துச்சொன்னார்கள். அந்த நேரம் பார்த்து உளவுத் துறையும் போலீஸும் நாட்குறிப்பின் பக்கங்களைப் பத்திரிகையாளர்களுக்கும் மதத் தலைவர்களுக்கும் காட்டின. அமெரிக்கத் தூதருக்கும் காட்டப்பட்டது. பார்த்த பலர் ஒதுங்கிக்கொண்டார்கள்.

கூண்டில் நின்ற மனிதருக்கு இதற்குப் பதில் சொல்ல ஒரு வாய்ப்பும் இல்லை. சாட்டப்படாத குற்றத்துக்கு எப்படிப் பதில் சொல்வது?

மேல்முறையீடு ஜூலை 18-ம் தேதி தள்ளுபடியானது. அந்த விசாரணையை அங்கேயே உட்கார்ந்து ஓவியமாக்கினார் ஜான் லேவரி. டஜன் கணக்கான முகங்களுக்கு நடுவே, எதிரே கூண்டில் கேஸ்மென்ட். நாடகத்துக்கும் சினிமாவுக்கும் முன்பே இந்த வழக்கைக் காட்சியாக்கியது அந்த ஓவியம்தான். கடைசி வாய்ப்பு பிரபுக்கள் சபை. அங்கே போக அட்டர்னி ஜெனரலின் அனுமதி வேண்டும். அதாவது, தூக்கு கேட்டு வாதாடிய அதே ஸ்மித்தின் அனுமதி. அவர் தரவில்லை.

1916 ஆகஸ்ட் 3 காலை, பென்டன்வில் சிறையில் கேஸ்மென்ட் தூக்கிலிடப்பட்டார். வயது 51. சுட்டுக்கொல்லப்பட்ட 15 பேரோடு சேர்த்து, அந்த எழுச்சிக்காக மரண தண்டனை பெற்றவர்களில் பதினாறாவது ஆள், கடைசி ஆள். 'சர்' பட்டத்தை அரசு அதற்கு முன்பே பறித்துவிட்டது.

டி.வி-யில் வந்த நேரம்

இப்போது 1960-க்கு வருவோம். நாட்குறிப்புகள் என்ற ஒன்று இருப்பதையே பல பத்தாண்டுகளுக்கு பிரிட்டன் அரசு பேச மறுத்தது. 'போலியாகத் தயாரித்தவை' என்று அயர்லாந்தில் பலர் உறுதியாக நம்பினார்கள். 1959-ல் அவற்றின் பிரதி பாரிஸில் புத்தகமாக வந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில், வேறு வழியில்லாமல், ஆய்வாளர்கள் பார்க்கலாம் என்று மூலத்தைத் திறந்துவிட்டது அரசு. அதற்கடுத்த ஆண்டே கிரானடாவின் நாடகம்.

பீட்டர் வைல்ட்பிளட் பெயரை நினைவில் வைக்கச் சொன்னது இதற்காகத்தான். பத்திரிகையாளரான அவர் 1954-ல் பிரிட்டனையே பரபரப்பாக்கிய ஒரு வழக்கில், ஆண்களோடு உறவு கொண்ட குற்றத்துக்காக 18 மாத சிறைத் தண்டனை பெற்றவர். வெளியே வந்து ஒளிந்துகொள்ளவில்லை. 'நான் இப்படிப்பட்டவன்தான்' என்று 1955-ல் புத்தகமே எழுதினார். சட்டத்தை மாற்றலாமா என்று ஆராய்ந்த உல்ஃபென்டன் குழு முன் சாட்சியும் சொன்னார். குழு 1957-ல் 'மாற்றலாம்' என்றது. அரசு உடனே மாற்றவில்லை. கேஸ்மென்ட் வழக்கு டி.வி-யில் வந்தபோதும் பழைய சட்டம்தான் அமலில் இருந்தது. அது மாற 1967 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

நடித்த விங்கார்டுக்கும் இதில் ஒரு தொடர்ச்சி உண்டு. 1959 நவம்பரில் கிரானடா 'சவுத்' என்ற நாடகத்தை ஒளிபரப்பியது. இன்னோர் ஆணை நேசிக்கும் ஓர் ஆணின் தவிப்பைச் சொன்ன, பிரிட்டிஷ் டி.வி-யின் மிக ஆரம்பகால நாடகங்களில் அது ஒன்று. அதன் நாயகனும் விங்கார்டுதான். அடுத்த ஆண்டு அவர் கேஸ்மென்டாகக் கூண்டில் ஏறினார்.

இப்படி யோசித்தால், அந்த நாடகத்தைப் பார்த்தவர்களுக்கு 1916 ஜூரிக்கு இல்லாத ஒன்று இருந்தது. பேசப்படாததையும் அவர்கள் செய்தித்தாளில் படித்திருந்தார்கள். சட்ட வாதத்தைக் கேட்கும்போதே, 'இவரைக் கொன்றது இது மட்டும் இல்லையே' என்று அவர்களால் நினைக்க முடிந்தது. நாட்குறிப்புகள் உண்மையா என்ற சண்டை அதன் பின்னும் ஓயவில்லை. 2002-ல் தடயவியல் நிபுணர் ஒருவர் கையெழுத்தை ஆராய்ந்து, அவை கேஸ்மென்ட் எழுதியவையே என்றார். ஏற்காதவர்கள் இன்னும் உண்டு. ஆனால், உண்மையோ போலியோ, வழக்குக்குச் சம்பந்தமில்லாத ஒருவரின் அந்தரங்கத்தைக் காட்டி அவருக்குக் கிடைக்கவிருந்த கருணையைத் தடுத்தது மாறப்போவதில்லை.

வழக்கே இல்லாதவருக்கு ஒரு வழக்கு

2016-ல் ஈஸ்டர் எழுச்சியின் நூற்றாண்டு வந்தபோது, அயர்லாந்தின் டிவி3 சேனல் வேறொரு நாடகத்தை எடுத்தது. பேட்ரிக் பியர்ஸை ராணுவம் சுடாமல், வெளிப்படையாக ஜூரி முன் நிறுத்தியிருந்தால் என்ன நடந்திருக்கும்? பியர்ஸாக டாம் வான்-லாலர் நடித்தார். முழுக்க கற்பனை வழக்கு. வேறு வழி இல்லை. பியர்ஸுக்கு நடந்த விசாரணையில் வக்கீலும் இல்லை, பார்வையாளரும் இல்லை.

இரண்டு நாடகங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், திறந்த நீதிமன்றத்தின் மதிப்பு தெரியும். கேஸ்மென்டை அந்த வழக்கு காப்பாற்றவில்லை. ஆனால், அவர் சொன்னது பதிவானது. ஒரு நூற்றாண்டு கழித்தும் யாரும் எடுத்துப் படிக்கலாம், நடிக்கலாம், இரு தரப்பையும் எடைபோடலாம். அதேபோல, அவரை வீழ்த்திய நாட்குறிப்பு விவகாரம் பதிவில் இல்லாததால்தான் வதந்தியாக, சந்தேகமாக, தீராத சண்டையாக அரை நூற்றாண்டுக்கு மேல் நீண்டது. வெளிச்சத்தில் நடந்ததற்குப் பதில் சொல்ல முடிந்தது. இருட்டில் நடந்ததற்கு முடியவில்லை.

திரும்பி வந்த உடல்

வழக்கில் எதிரெதிரே நின்ற இரண்டு பேர் மீண்டும் ஒருமுறை சந்தித்தார்கள். 1921 டிசம்பர் 6, லண்டன். அயர்லாந்தின் பெரும்பகுதிக்குச் சுயாட்சி கொடுத்த ஒப்பந்தத்தில் பிரிட்டன் தரப்பில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர், பர்க்கன்ஹெட் பிரபு ஆகிவிட்ட ஸ்மித். ஐரிஷ் தரப்பில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர், கேஸ்மென்டின் சொலிசிட்டர் கேவன் டஃபி. ஐந்து ஆண்டுகளுக்கு முன் ஒரே மனிதரின் உயிருக்காக ஒருவர் போராட, மற்றவர் அதை எடுக்கச் சொன்னார். இப்போது இருவர் பெயரும் ஒரே தாளில்.

கேஸ்மென்டின் உடலுக்கு 1965 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டு பிப்ரவரியில் ஹெரால்டு வில்சன் அரசு அதை அயர்லாந்திடம் ஒப்படைத்தது. மார்ச் 1-ம் தேதி டப்ளினில் அரசு மரியாதையோடு இறுதிச் சடங்கு. குடியரசுத் தலைவர் டி வலேராவுக்கு அப்போது 82 வயது. உடல்நிலை சரியில்லை, கடும் குளிர், போக வேண்டாம் என்று மருத்துவர்கள் தடுத்தார்கள். கேட்கவில்லை. அவரும் ஈஸ்டர் எழுச்சியில் மரண தண்டனை பெற்றுத் தப்பியவர்தான். கல்லறை ஓரம் நின்று பேசினார்.

கிளாஸ்னெவின் கல்லறைத் தோட்டத்தில் கேஸ்மென்ட் புதைக்கப்பட்டார். அவர் கேட்டிருந்த இடம் அது இல்லை. தான் வளர்ந்த ஆன்ட்ரிம் கடலோரத்தில், மர்லாக் விரிகுடாவைப் பார்த்த சரிவில் தன்னைப் புதைக்கச் சொல்லியிருந்தார். அந்த இடம் பிரிட்டனின் கையில் உள்ள வடக்கு அயர்லாந்தில் இருக்கிறது. உடலை அங்கே கொண்டுபோகக் கூடாது என்பது ஒப்படைக்கும்போதே போட்ட நிபந்தனை. இன்றுவரை அவர் டப்ளினில்தான் இருக்கிறார்.